கறுப்புத் துணிக்குள் இருந்தவர்

வாசகர் கேள்வி – பதில்

சென்ற இதழில் பழைய அமெரிக்கப் பத்திரிகை அட்டை ஒன்றைப் பற்றி நாலு வரி எழுதியிருந்தேன். ‘ஹார்ப்பர்ஸ் பஜார்’ என்ற பெண்கள் ஃபேஷன் பத்திரிகையின் 1943 மார்ச் இதழ். செஞ்சிலுவைச் சங்கத்தின் ரத்த தான நிலைய வாசலில் ஒரு இளம்பெண் நிற்கும் படம். எடுத்தவர் லூயீஸ் டால்-வுல்ஃப் என்ற பெண்மணி என்று பெயரை மட்டும் சொல்லி நிறுத்திவிட்டேன். அதற்கு இத்தனை கடிதங்கள் வரும் என்று நினைக்கவில்லை. எனக்கும் அவரைப் பற்றிப் பேசப் பல வருடங்களாக ஆசை. முப்பது வருடம் கலர் லேபில் பிரிண்ட் போட்டவள் நான். நிறத்தைப் பற்றி எனக்குத் தெரிந்ததில் பாதி, இவருடைய படங்களைத் திரும்பத் திரும்பப் பார்த்துக் கற்றதுதான். ஆகவே இந்த முறை பக்கம் முழுவதும் அவருக்கே.

கேள்வி: டால்-வுல்ஃப் படித்தது புகைப்படக் கலையா? எப்படி இந்தத் தொழிலுக்கு வந்தார்?
– கல்லூரி மாணவி ஒருவர்

பதில்: சுற்றி வளைத்துத்தான் வந்தார். 1895 நவம்பரில் சான் ஃபிரான்சிஸ்கோவில் பிறந்தார். பெற்றோர் நார்வேயிலிருந்து வந்து குடியேறியவர்கள். அந்த ஊர்க் கலைப் பள்ளியில் அவர் சேர்ந்தது ஓவியம் படிக்க. அங்கே ரூடால்ஃப் ஷேஃபர் என்ற ஆசிரியரிடம் வண்ணப் பாடம் கேட்டார். இந்தப் பெயரை நினைவில் வைத்துக்கொள், மகளே. பின்னால் அவர் செய்த எல்லாவற்றுக்கும் விதை அந்த வகுப்பில் விழுந்தது.

படிப்பு முடிந்ததும் மின்விளக்கு விளம்பரப் பலகைகளை வடிவமைக்கும் வேலை பார்த்தார். 1921-ல் ஆன் பிரிக்மன் என்ற புகைப்படக்காரரின் படங்களைப் பார்க்கிற வாய்ப்பு கிடைத்தது. சியரா நெவாடா மலையில், பாறைக்கும் காற்றில் முறுக்கிப்போன மரங்களுக்கும் நடுவே பெண்ணுருவங்களை வைத்து எடுத்த படங்கள் அவை. அந்தச் சந்திப்புதான் அவரைக் கேமரா பக்கம் திருப்பியது.

கேமரா வந்தால் போதுமா? படத்தைப் பெரிதாக்க என்லார்ஜர் வேண்டும். அதை அவரே செய்துகொண்டார். ஆப்பிள் வைத்து அனுப்பும் மரப்பெட்டி ஒன்று, ஒரு தகர டப்பா. வெளிச்சத்தைத் திருப்பி அனுப்பும் ரிஃப்ளெக்டருக்கு, கிரார்டெல்லி சாக்லேட் வந்த பெட்டியின் ஒரு பகுதி. எனக்கு அவர்மேல் முதல் பிரியம் வந்தது இந்த இடத்தில்தான். என்லார்ஜரின் உள்ளே விளக்கு எங்கே இருக்கிறது, வெளிச்சம் எங்கே பட்டு எங்கே திரும்புகிறது என்று ஒரு முறை கையால் கட்டிப் பார்த்தவருக்கு, அப்புறம் எந்த வெளிச்சமும் அந்நியமாக இராது.

பிறகு கான்சுவேலோ கனாகா என்ற புகைப்படத் தோழியோடு ஐரோப்பாவுக்கும் வட ஆப்பிரிக்காவுக்கும் பயணம் போனார். துனிசியாவில் மேயர் வுல்ஃப் என்ற சிற்பியைச் சந்தித்தார். எல்லோருக்கும் அவர் மைக். 1928-ல் திருமணம்.

கேள்வி: எனக்கு 38 வயது. பிள்ளைகள் வளர்ந்த பிறகு இப்போதுதான் கேமரா வாங்கியிருக்கிறேன். இனிமேல் தொடங்கி என்ன ஆகப்போகிறது என்று வீட்டில் கேட்கிறார்கள். டால்-வுல்ஃப் எந்த வயதில் தொடங்கினார்?
– இல்லத்தரசி ஒருவர்

பதில்: உங்கள் கடிதத்தைப் படித்ததும் கணக்குப் போட்டுப் பார்த்தேன், அம்மா. அவருடைய படம் முதன்முதலாக ஒரு பெரிய பத்திரிகையில் அச்சானது 1933 நவம்பரில். அந்த மாதம்தான் அவருக்கு 38 முடிந்தது.

அந்தப் படத்தில் பட்டும் இல்லை, தொப்பியும் இல்லை. கணவரின் மாநிலமான டென்னஸியில், ஸ்மோக்கி மலைப் பகுதியில் சில காலம் தங்கியிருந்தபோது அங்குள்ள ஏழை ஜனங்களைப் படம் எடுத்தார். அமெரிக்காவே பொருளாதார மந்தத்தில் தத்தளித்த நேரம். அதில் ஒரு மலைவாழ் மூதாட்டியின் படத்தை ‘வானிட்டி ஃபேர்’ வெளியிட்டது. சுருக்கம் விழுந்த முகம், எதையும் கேட்காத பார்வை. 1937-ல் நியூயார்க் நவீனக் கலை அருங்காட்சியகம் புகைப்பட வரலாற்றைப் பற்றி நடத்திய பெரிய கண்காட்சியில் இவருடைய படமும் இடம்பெற்றது.

1933-லேயே தம்பதி நியூயார்க் வந்துவிட்டார்கள். சாக்ஸ் ஃபிஃப்த் அவென்யூ, பான்விட் டெல்லர் போன்ற துணிக்கடைகளுக்கும் பெண்கள் பத்திரிகைகளுக்கும் படம் எடுத்துக் கொடுத்தார். 1936-ல் ‘ஹார்ப்பர்ஸ் பஜார்’ அழைத்தது. அப்போது வயது நாற்பது. அதற்கப்புறம் 22 வருடம், 86 அட்டைப்படங்கள், சுமார் 600 வண்ணப் பக்கங்கள். கறுப்பு வெள்ளைப் படங்கள் தனி. வீட்டில் கேட்டால் இந்த எண்களைச் சொல்லுங்கள். கேமராவைத் தினமும் எடுங்கள்.

கேள்வி: நான் பழைய ஸ்டுடியோக்காரன். 1930, 40-களில் கலர் படம் என்றாலே கண்ணை உறுத்தும் நிறங்கள்தான் நினைவுக்கு வருகின்றன. டால்-வுல்ஃப் மட்டும் எப்படி அத்தனை மென்மையான நிறங்களைக் கொண்டுவந்தார்? ஃபில்டரா, பிலிமா?
– ஓய்வு பெற்ற புகைப்படக்காரர்

பதில்: அண்ணா, இந்தக் கேள்விக்காகவே இந்த இதழைக் காத்து வைத்தேன் என்று சொல்லலாம்.

பிலிமிலிருந்து தொடங்குகிறேன். கோடாக் நிறுவனத்தின் கலர் பிலிமான கோடாக்ரோம் முதலில் வந்தது 1935-ல், சினிமா எடுக்கும் சிறிய ரோலாக. பெரிய கேமராவில் போடும் ஷீட் பிலிமாக 1938-ல் வந்தது. அதன் வேகம், அதாவது வெளிச்சத்தை வாங்கும் திறன், நம் கணக்கில் 10 ஏ.எஸ்.ஏ. அளவுதான். உங்களுக்கு விளக்க வேண்டியதில்லை, இளையவர்களுக்காகச் சொல்கிறேன். நல்ல வெயிலில், லென்ஸின் துவாரத்தை எஃப்16 என்ற சிறிய அளவில் வைத்தால் பத்தில் ஒரு விநாடி திறந்து வைக்க வேண்டும். மாடல் மூச்சை இழுத்தாலே அசைவு தெரிந்துவிடும். நிழலுக்குப் போனால் இன்னும் மோசம். டால்-வுல்ஃபின் பெண்கள் பெரும்பாலும் உட்கார்ந்து, சாய்ந்து, ஒரு சுவரைப் பிடித்துக்கொண்டு நிதானமாக இருப்பதற்கு அவருடைய ரசனை ஒரு காரணம் என்றால், பிலிமின் மந்த வேகம் இன்னொரு காரணம். அதே பத்திரிகையில் மார்ட்டின் முங்காச்சி என்ற புகைப்படக்காரர் 1933-லேயே கடற்கரையில் ஓடும் பெண்ணைக் கறுப்பு வெள்ளையில் பிடித்திருந்தார். வண்ணத்தில் அது முடியாது. முடியாததோடு மல்லுக்கட்டாமல், அசையாமல் நிற்பதிலேயே ஓர் அழகைக் கண்டுபிடித்தார் டால்-வுல்ஃப்.

இனி நிறம். அந்தக் காலத்தில் மற்றவர்கள் வண்ணப் படம் என்றதும் சிவப்பு, மஞ்சள், நீலம் என்று எல்லாவற்றையும் கொட்டினார்கள். கலர் கிடைத்துவிட்டதே என்ற சந்தோஷம். இவருக்கு அந்தப் பதற்றம் இல்லை. ஷேஃபர் வகுப்பில் ஒரு நிறத்தின் பக்கத்தில் இன்னொன்றை வைத்தால் முதல் நிறம் எப்படி மாறுகிறது என்று வருடக்கணக்கில் தீட்டிப் பார்த்தவர். பியானோ படிக்கிறவர் ஸ்வர வரிசை சாதகம் செய்வதுபோல நிறத்தையும் சாதகம் செய்ய வேண்டும் என்பது அவர் கட்சி. படம் முழுக்க மணல் நிறமும் சாம்பலும் இளம் பழுப்புமாக வைத்து, ஒரே ஒரு மூலையில் ஒரு சிவப்பை வைப்பார். அந்தச் சிவப்பு பேசும்.

வெளியில் எடுக்கும்போது பிலிம் இன்னொரு குணத்தைக் காட்டும். நிழலில் நிற்கிறவர்மேல் வானத்தின் நீலம் வந்து படியும். நம் கண் அதைச் சரிசெய்து விடுகிறது, பிலிம் சரிசெய்யாது. செங்கல் சுவர் பக்கத்தில் நின்றால் கன்னத்தில் சிவப்பு ஏறும். நாம் இதைக் ‘காஸ்ட்’ என்று திட்டுவோம். ஓவியம் படித்தவர் என்பதால் நிழலுக்கும் ஒரு நிறம் உண்டு என்பது அவருக்கு ஆரம்பத்திலேயே தெரியும். அதை எங்கே விடுவது, எங்கே விளக்கோ ரிஃப்ளெக்டரோ வைத்துத் தணிப்பது என்பதை இடம் பார்த்து முடிவு செய்தார்.

இதெல்லாம் பாதி வேலைதான். மீதி வேலை பிளாக், அதாவது அச்சுத் தகடு, செய்யும் இடத்தில் நடந்தது. கோடாக்ரோம் ஒரு ஸ்லைடு. அதைப் பத்திரிகையில் அச்சடிக்க வேண்டுமானால் சிவப்பு, பச்சை, நீல ஃபில்டர்கள் வழியாகத் திரும்பப் படம் எடுத்து, நிறம் பிரித்து, சயான், மஜெந்தா, மஞ்சள், கறுப்பு என்று நாலு தகடுகள் செய்ய வேண்டும். ஒரு தகட்டில் மை பதியும் புள்ளி கொஞ்சம் தடித்தால் போதும், தோல் பச்சையடிக்கும். பெரும்பாலான புகைப்படக்காரர்கள் ஸ்லைடைக் கொடுத்துவிட்டு அடுத்த வேலைக்குப் போய்விடுவார்கள். டால்-வுல்ஃப் சோதனை அச்சான புரூஃபைக் கேட்டு வாங்குவார். இந்த இடத்தில் மஞ்சளைக் குறை, அந்த இடத்தில் நீலத்தை ஏற்று என்று திருத்தித் திருப்பி அனுப்புவார். தன் நிறம் அச்சில் வரும்வரை படம் முடிந்ததாக அவர் எண்ணவில்லை.

இதை எழுதும்போது என் வாழ்க்கையிலிருந்து ஒன்றைச் சொல்லாமல் இருக்க முடியவில்லை. நான் வேலை பார்த்த ஒரு லேபில், கல்யாண ஆல்பம் ஒன்றுக்குப் பிரிண்ட் போட்டுக்கொண்டிருந்தேன். மணப்பெண் நல்ல கறுப்பு. அரக்கு நிறப் புடவை. சோதனைக்குப் போடும் டெஸ்ட் ஸ்ட்ரிப்பில் அவள் தோலும் புடவையும் அத்தனை அருமையாக வந்திருந்தன. மேலே இருந்தவர் வந்து பார்த்துவிட்டு, பெண்ணை வெளுக்கச் சொன்னார். எக்ஸ்போஷரைக் குறைத்துப் போட்டேன். புடவை சாயம் போனதுபோல் ஆனது, முகத்தில் ரத்தமே இல்லை. அந்தப் பெண் வாழ்நாள் முழுக்கப் பார்க்கப்போகிற ஆல்பம் அது. முடியாது என்று நான் சொல்லியிருக்க வேண்டும், சொல்லவில்லை. இன்றைக்கும் அது உறுத்துகிறது. டால்-வுல்ஃப் புரூஃபோடு சண்டை போட்டதைப் படிக்கும்போதெல்லாம் எனக்கு அந்த மணப்பெண்ணின் முகம்தான் நினைவுக்கு வரும்.

கேள்வி: நீங்கள் எழுதிய அந்த அட்டைப்படப் பெண்தான் லாரன் பகாலாமே? அந்த ஒரு படத்தால்தான் நடிகை ஆனாரா?
– பழைய ஹாலிவுட் பட ரசிகர்

பதில்: அவரேதான். அப்போது பெயர் பெட்டி பகால், வயது 18. பத்திரிகையின் ஃபேஷன் ஆசிரியர் டயானா வ்ரீலண்டின் கண்ணில் பட்டு மாடலாக வந்தவர். அட்டையைப் பார்த்த இயக்குநர் ஹவர்ட் ஹாக்ஸின் மனைவி, இந்தப் பெண்ணைப் பாருங்கள் என்று கணவரிடம் காட்டினார். ஹாலிவுட்டுக்கு அழைப்பு வந்தது. பெட்டி, லாரன் ஆனார். 1944-ல் நடிகர் ஹம்ஃப்ரி போகார்ட்டுடன் முதல் படம். அடுத்த வருடம் இருவருக்கும் கல்யாணம்.

ஒரு அட்டைப்படம் நட்சத்திரத்தைப் பிறப்பித்தது என்று இந்தக் கதையைச் சொல்லிச் சொல்லி, படத்தை யாரும் பார்ப்பதே இல்லை என்று எனக்குக் குறை. அது போர்க்காலம். அட்டை சொல்வது ‘ரத்தம் கொடுங்கள்’ என்பதை. வெளிறிய கண்ணாடியில் சங்கத்தின் பெயர் எழுதியிருக்கிறது. அதற்கு முன்னால் கருநிற உடுப்பும் தலையில் ஒரு தொப்பியுமாக அந்தப் பெண், சிவந்த உதடுகள். அவள் புன்னகைக்கவில்லை. அழைக்கவும் இல்லை. உள்ளே போகலாமா என்று யோசிக்கிற நம்மைப் பார்த்துக்கொண்டு நிற்கிறாள், அவ்வளவுதான். சிவப்பு எங்கே இருக்க வேண்டும், எவ்வளவு இருக்க வேண்டும் என்று தெரிந்தவர் எடுத்த படம். அந்த முகத்தில் ஒரு நடிகை இருக்கிறாள் என்பது ஹாக்ஸுக்குத் தெரிவதற்கு முன்னால் டால்-வுல்ஃபின் கேமராவுக்குத் தெரிந்திருக்கிறது.

கேள்வி: என்னதான் சொன்னாலும் ஃபேஷன் படம் என்பது துணி விற்கிற விளம்பரம்தானே? டென்னஸி மூதாட்டியைப் படம் எடுத்தவர் பணக்காரர்களின் கவுனுக்குப் போனது உங்களுக்கு வருத்தமாக இல்லையா?
– பள்ளி ஆசிரியர் ஒருவர்

பதில்: துணி விற்பதற்கான படம்தான், ஐயா, அதை மறைக்க ஒன்றுமில்லை. ஆனால் வருத்தம் இல்லை, ஏன் என்று சொல்கிறேன்.

அவருக்கு முன்னால் ஃபேஷன் படத்துப் பெண் பெரும்பாலும் ஸ்டுடியோ தூணுக்குப் பக்கத்தில் சிலைபோல் நின்றாள். அவளை வெளியே கூட்டிக்கொண்டு வந்தவர்களில் டால்-வுல்ஃப் ஒருவர். பாலைவனம், கடற்கரை, துறைமுகம், பழைய கோட்டை. 1940-ல் பாரிஸ் ஜெர்மானியர் கையில் விழுந்ததும் அங்கிருந்து உடைகள் வருவது நின்றது. அமெரிக்காவின் சொந்த வடிவமைப்பாளர்கள் அப்போதுதான் வெளிச்சத்துக்கு வந்தார்கள். அதில் முக்கியமானவர் கிளேர் மெக்கார்டல். பருத்தி, டெனிம் மாதிரி சாதாரணத் துணியில், பாக்கெட் வைத்து, நடக்க, குனிய, வேலை செய்ய வசதியாகப் பெண்களுக்கு உடை தைத்தவர். அந்த உடைகளை இழுத்துப் பிடித்த இடுப்போடு ஸ்டுடியோவில் நிற்கவைத்து எடுத்தால் அர்த்தமே இல்லை. வெயிலில், மணலில், காற்றில் டால்-வுல்ஃப் எடுத்தார். 1942-ல் வெளிவந்த அரிசோனா படங்களைப் பாருங்கள். கட்டடக் கலைஞர் ஃப்ராங்க் லாய்ட் ரைட் கட்டிய கல்வீட்டின் சாய்ந்த சுவர்களும் உடையின் கோடுகளும் ஒன்றோடொன்று பேசுகின்றன. அந்த வீடு 1943-ல் எரிந்தே போனது.

போர் முடிந்து பாரிஸ் திறந்ததும் அங்கேயும் போனார். வடிவமைப்பாளர் கிறிஸ்டியன் டியோரின் உடைகளில் மேரி ஜேன் ரஸ்ஸல், சூஸி பார்க்கர் என்ற மாடல்களை எடுத்தார். ஸ்பெயினில், கிரனடாவின் அல்ஹம்ப்ரா கோட்டையில் ஜீன் பாட்சட் என்ற மாடலை எடுத்தார். ரஸ்ஸல் அவருக்குப் பிடித்தமான மாடல்; அவரைப் பல வருடம் திரும்பத் திரும்ப எடுத்திருக்கிறார். நடுவில் எழுத்தாளர்களின் உருவப்படங்கள் வேறு: கொலெட், ஆடன், கார்ஸன் மெக்கல்லர்ஸ், யூடோரா வெல்டி. இவற்றையும் டென்னஸிப் படங்களையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். மூதாட்டிக்குக் கொடுத்த அதே மரியாதையை மாடலுக்கும் கொடுத்திருக்கிறார். அவர் படத்தில் எந்தப் பெண்ணும் யாரையும் மயக்க நிற்கவில்லை. தன் வேலையில், தன் யோசனையில் இருக்கிறாள். துணியை விற்கும் பக்கத்தில் இதைச் செய்வது எனக்குச் சின்ன விஷயமாகத் தெரியவில்லை.

கேள்வி: கணவர் இவருடைய வேலைக்குத் தடையாக இருக்கவில்லையா?
– பெயர் வேண்டாம் என்ற வாசகி

பதில்: இல்லை. மைக் அவருடைய படங்களுக்குப் பின்னணி அரங்குகளைச் செய்து கொடுத்தார். தூணோ வளைவோ வர்ணம் தீட்டிய திரையோ, வீட்டிலேயே ஒரு சிற்பி இருந்தார். லூயீஸும் தன் பெயரை விட்டுவிடவில்லை, டாலுக்குப் பின்னால் வுல்ஃபைச் சேர்த்துக்கொண்டார். 1985-ல் மைக் இறக்கும்வரை 57 வருடம் சேர்ந்து வாழ்ந்தார்கள்.

கேள்வி: அந்தக் காலத்தில் இவர் ஒருவர்தான் பெண்ணா? வேறு பெண்களும் ஃபேஷன் படம் எடுத்தார்களா?
– புகைப்படப் பயிற்சி மாணவர்

பதில்: இருந்தார்கள், தம்பி. இருவரைப் பற்றி மட்டும் சொல்கிறேன்.

டோனி ஃப்ரிசல் 1931-ல் ‘வோக்’ என்ற ஃபேஷன் பத்திரிகைக்கு எடுக்கத் தொடங்கியவர். ஸ்டுடியோ விளக்குகளோடு இவருக்கு ஒத்துவரவில்லை, ஆகவே வெளியே போய்விட்டார். 1947-ல் ஃபுளோரிடாவின் வீக்கி வாச்சி ஊற்றில், நீளமான வெள்ளை உடையோடு ஒரு பெண் தண்ணீருக்கடியில் மிதக்கும் படத்தை எடுத்தார். இன்று பார்த்தாலும் மூச்சு நிற்கும். போர்க்காலத்தில் ஃபேஷனை ஒதுக்கி வைத்துவிட்டு செஞ்சிலுவைச் சங்கத்துக்கும் ராணுவத்துக்கும் எடுத்தார். டஸ்கீகீ விமானிகள் என்று அழைக்கப்பட்ட கறுப்பின விமானப் படையினரை 1945-ல் இத்தாலியில் எடுத்த படங்கள் அவருடையவை. மூன்று லட்சத்துக்கும் மேற்பட்ட நெகட்டிவ்களையும் படங்களையும் அமெரிக்க நாடாளுமன்ற நூலகத்துக்குக் கொடுத்துவிட்டுப் போனார்.

லிலியன் பாஸ்மன் இருட்டறையின் ராணி. ‘ஹார்ப்பர்ஸ் பஜார்’ கலை இயக்குநர் அலெக்ஸி ப்ரோடோவிச்சின் மாணவி. படத்தை எடுத்த பிறகுதான் அவருக்கு வேலையே தொடங்கும். என்லார்ஜருக்குக் கீழே மெல்லிய துணியும் டிஷ்யூ தாளும் வைத்து வெளிச்சத்தைக் கரைப்பார். பிரிண்டின்மேல் பொட்டாசியம் ஃபெரிசயனைடைத் தூரிகையால் தொட்டுத் தொட்டு வெளுப்பார். கழுத்து ஒரு கோடாகவும் தொப்பி ஒரு மைத்திட்டாகவும் மிஞ்சும். என்னைப் போல் லேபில் வாழ்ந்தவர்களுக்கு அவர் கை வேலையைப் பார்ப்பதே பரவசம். 1970 வாக்கில் மனம் வெறுத்துத் தன் நெகட்டிவ்களில் பெரும்பாலானவற்றை அழித்தார். மிஞ்சியவை ஒரு பையில் கிடந்தன. இருபது வருடம் கழித்து அந்தப் பை அகப்பட்டது. எழுபது வயதைத் தாண்டிய பாஸ்மன் அதே நெகட்டிவ்களிலிருந்து முற்றிலும் புதிய பிரிண்ட்களைப் போட்டார். 2012-ல், 94 வயதில் இறக்கும்வரை வேலை செய்துகொண்டே இருந்தார்.

கேள்வி: 22 வருடம் ஒரே பத்திரிகையில் இருந்தவர் திடீரென்று ஏன் விலகினார்?
– பல வாசகர்கள்

பதில்: அந்த 22 வருடமும் ஒரு குழு இருந்தது. ஆசிரியர் கார்மல் ஸ்நோ. ஃபேஷனுக்கு டயானா வ்ரீலண்ட். பக்க அமைப்புக்கு ப்ரோடோவிச். பக்கத்தில் வெள்ளையை விட்டு வைக்கத் தெரிந்தவர் அவர். இந்த மூவரும் டால்-வுல்ஃபின் கண்ணை நம்பினார்கள். யோசனை சொல்வார்கள், வாதம் செய்வார்கள், ஆனால் கேமரா அவருடையது.

ஐம்பதுகளின் கடைசியில் அது கலைந்தது. ஸ்நோ விலக, அவருடைய சகோதரர் மகள் நான்சி வைட் ஆசிரியரானார். ப்ரோடோவிச்சும் 1958-ல் போனார். புதிதாக வந்த கலை இயக்குநர் ஒரு நாள் படப்பிடிப்புக்கு வந்தார். டால்-வுல்ஃப் எல்லாவற்றையும் அமைத்து வைத்திருந்த கேமராவுக்குள் எட்டிப் பார்த்தார். அத்தனை வருடத்தில் யாரும் செய்யாத காரியம். டால்-வுல்ஃப் அதோடு வேலையை விட்டுவிட்டார்.

இதை ஒரு வீம்பு என்று சிலர் சொல்வார்கள். பெரிய கேமராவில் வேலை பார்த்தவர்களுக்குத்தான் இது புரியும். பின்னால் ஒரு தேய்த்த கண்ணாடி இருக்கும். வெளி வெளிச்சம் படாமல் தலைமேல் கறுப்புத் துணியைப் போர்த்திக்கொண்டு அதில் பார்க்க வேண்டும். உருவம் தலைகீழாக விழும். முகம் முகமாகவே தெரியாது. வடிவமும் நிறமும் மட்டும் தெரியும். இங்கே ஒரு இருட்டு அதிகம், அங்கே ஒரு மஞ்சள் கனக்கிறது என்று மனத்துக்குள் எடை போட்டுக்கொண்டே இருப்போம். அந்தத் துணிக்குள் இருக்கும்போது உலகத்தில் வேறு யாரும் இல்லை. ரோலைஃப்ளெக்ஸ் போன்ற சின்னக் கேமராவைக் குனிந்து பார்க்கும்போதும் அதே தனிமைதான். அதற்குள் ஒருவர் தலையை நீட்டினால், உன் கண்மேல் எனக்கு நம்பிக்கை இல்லை என்று அர்த்தம். அறுபத்திரண்டு வயதில், 86 அட்டைகளுக்குப் பிறகு, அவர் அதைக் கேட்டுக்கொண்டு நின்றிருக்க வேண்டுமா?

அவர் பெயரைவிட அவருக்குப் பின்னால் வந்த புகைப்படக்காரர்கள் ரிச்சர்ட் ஆவெடான், இர்விங் பென் பெயர்கள்தான் இன்று எல்லோருக்கும் தெரிகின்றன. ஆவெடானே, எங்களை நாங்கள் அளந்து பார்த்த அளவுகோல் அவர்தான் என்ற பொருளில் சொல்லியிருக்கிறார்.

கேள்வி: அதற்குப் பிறகு என்ன செய்தார்? படங்களை இப்போது எங்கே பார்க்கலாம்?
– கல்லூரி மாணவி, மறுபடியும்

பதில்: ‘வோக்’, ‘ஸ்போர்ட்ஸ் இல்லஸ்ட்ரேட்டட்’ பத்திரிகைகளுக்குக் கொஞ்சம் எடுத்தார். 1960-ல் நிறுத்திவிட்டு, நியூ ஜெர்ஸியின் ஃப்ரெஞ்ச்டவுனில் மைக்கோடு வாழ்ந்தார். 1984-ல் தன் நினைவுகளையும் படங்களையும் ஒரு புத்தகமாகக் கொண்டுவந்தார். 1989 டிசம்பரில், 94 வயதில் காலமானார். அரிசோனாப் பல்கலைக்கழகத்தின் படைப்பாக்கப் புகைப்பட மையத்தில், டுஸான் நகரில், அவருடைய காப்பகம் இருக்கிறது. நியூயார்க்கின் ஃபேஷன் தொழில்நுட்பக் கல்லூரி அருங்காட்சியகத்திலும் நிறையப் படங்கள் உள்ளன. இணையத்திலும் கிடைக்கின்றன, ஆனால் ஒவ்வொரு திரையிலும் நிறம் ஒவ்வொரு விதமாகத் தெரியும். முடிந்தால் நல்ல அச்சில் ஒரு புத்தகத்தைத் தேடிப் பிடி.

பார்க்கும்போது முதலில் முகத்தைப் பார்க்காதே. உடையையும் விடு. நிழலைப் பார். கடற்கரைப் படம் ஒன்றை எடுத்துக்கொண்டு, மணலில் விழுந்த நிழல் நீலமா, ஊதாவா, பழுப்பா என்று பார்த்து எனக்கு எழுது.